ஒரே டேக் குஞ்சம்மாள்

குஞ்சம்மாள் பதினான்கு படங்களில் நடித்தவள். அதில் ஒன்றைக்கூட அவள் பார்த்ததில்லை.

அதற்காக அவளுக்குப் பெரிய மனக்குறை என்று சொல்லிவிட முடியாது. டிக்கெட் வாங்கிக்கொண்டு போய்ப் பார்க்கிற படங்களா அவை? சர்க்கார் எடுக்கிற பத்து நிமிஷப் படங்கள். வேனில் மெஷினை ஏற்றிக்கொண்டு போய், எங்கேயோ ஒரு ஊரில் வெள்ளைத் துணி கட்டிக் காட்டுவார்கள். அம்மை குத்திக்கொள், தண்ணீரைக் காய்ச்சிக் குடி, இரண்டோடு நிறுத்து, கையெழுத்துப் போடப் பழகு என்று ஜனங்களுக்குப் புத்தி சொல்லும் படங்கள். சொன்ன புத்தியைக் கேட்டுத் திருந்த ஒருத்தி வேண்டுமல்லவா? அந்த ஒருத்தி குஞ்சம்மாள். பதினோரு வருஷமாகத் திருந்திக்கொண்டே இருந்தாள். ஒரு படத்தில் காய்ச்சிய தண்ணீரின் அருமையைத் தெரிந்துகொண்டவள், அடுத்த படத்தில் மறுபடியும் குட்டையில் குடத்தை அமுக்கிக்கொண்டு நிற்பாள். டாக்டரோ டீச்சரோ வந்து எல்லாவற்றையும் முதலிலிருந்து சொல்லிக்கொடுக்க வேண்டியிருக்கும்.

இதை ஆரம்பித்து வைத்தவர் கல்யாணராமன். படம் எடுக்கும் சர்க்கார் இலாகா ஒன்றில் டைரக்டர். தஞ்சாவூர்ப் பக்கத்து மனிதர், டில்லியில் கோல் மார்க்கெட் குவார்ட்டர்ஸில் குடியிருந்தார். குஞ்சம்மாள் அவர் வீட்டில் பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்தாள். எழுபத்து மூன்றில் தடுப்பூசிப் படத்துக்கு ஏற்பாடு செய்திருந்த நாடகக்காரப் பெண், கைக்குழந்தைக்கு நிஜமாகவே ஊசி போடுவார்கள் என்று தெரிந்ததும் குழந்தையைத் தூக்கிக்கொண்டு ஆட்டோ பிடித்துவிட்டாள். கல்யாணராமன் தலையில் கை வைத்துக்கொண்டு வீட்டுக்கு வந்தார். அங்கே குஞ்சம்மாள் எட்டு மாதக் குழந்தையைப் பக்கத்தில் கிடத்திவிட்டுக் குக்கரைத் தேய்த்துக்கொண்டிருந்தாள். மறுநாள் கேமராவுக்கு முன்னால் குழந்தை வீறிட்டு அழுதது. குஞ்சம்மாள் சிரித்தாள். சிரிக்கச் சொல்லியிருந்தார்கள். முதல் தடவையிலேயே சரியாக அமைந்துவிட்டது.

இந்த முதல் தடவைதான் அவளுடைய மூலதனம். இலாகாவில் ஃபிலிம் சுருளை அளந்துதான் கொடுப்பார்கள். ரீடேக் என்று மறுபடி எடுக்கப் போனால் கல்யாணராமன் நாலு பேருக்கு எழுத்து மூலம் காரணம் சொல்ல வேண்டும். குஞ்சம்மாளை நிறுத்தினால் அந்தத் தொல்லையே இல்லை. எங்கே பார்க்கச் சொல்கிறார்களோ அங்கே பார்ப்பாள். எப்போது நிற்கச் சொல்கிறார்களோ அப்போது நிற்பாள். யூனிட்டில் அவளுக்கு 'ஒரே டேக்' என்றே பெயர் விழுந்துவிட்டது. கேமராமேன் சர்தார்ஜி அவளைக் கண்டதும், "வந்தாச்சு, ஒன் டேக் மாதாஜி!" என்று இரண்டு கையையும் தூக்கிக் கும்பிடுவார். வீடு வீடாகப் பாத்திரம் தேய்க்கிறவளிடம், நீ உன் வேலையை நன்றாகச் செய்கிறாய் என்று யார் வாய்விட்டுச் சொல்வார்கள்? இவர்கள் சொன்னார்கள். அது அவளுக்குப் பிடித்திருந்தது. பொய் சொல்வானேன், ரொம்பவே பிடித்திருந்தது.

குரல் மட்டும் அவளுடையதாக இருக்காது. விழுப்புரத்துத் தமிழை இந்தியில் தோய்த்தெடுத்த மாதிரி இருக்கும் அவள் பேச்சு. அவள் வாயை அசைத்தால் போதும். பிறகு வேறொருத்தி சுத்தமான இந்தியில் பேசி அதன்மேல் ஒட்டிவிடுவாள். ஒரே ஒரு படத்தில்தான் குஞ்சம்மாள் சொந்தக் குரலில் பேசினாள். வினை அதில்தான் வந்தது.

எமர்ஜென்சி சமயத்தில் சர்க்கார் ஆட்கள் குஞ்சம்மாளும் அக்கம்பக்கத்துத் தமிழர்களும் இருந்த குடிசைகளைப் பிரித்து, சாமான்களோடு லாரியில் ஏற்றி, யமுனைக்கு அப்பால் ஒரு பொட்டலில் கொண்டுவந்து இறக்கினார்கள். ஆளுக்குத் துண்டு மனை. சுண்ணாம்புக் கோடு போட்டு, இதுதான் தெரு என்றார்கள். மூன்று மாதம் கழித்துக் கல்யாணராமன் ஜீப்பில் வந்தார். புதுக் காலனியில் ஜனங்கள் சௌகரியமாக இருக்கிறார்கள் என்று படம் எடுக்க வேண்டும். தெருமுனையில் சிமெண்டு மேடை கட்டி ஒரு பித்தளைக் குழாயை நட்டார்கள். சுவருக்கு அந்தப் பக்கம் உயரத்தில் ஒரு தொட்டி வைத்து, டாங்கர் லாரியைக் கொண்டுவந்து நிரப்பினார்கள். குஞ்சம்மாள் குழாயைத் திறந்து, கையில் ஏந்திக் குடித்துவிட்டு, எங்கள் தெருவுக்கே தண்ணீர் வந்துவிட்டது, இனிமேல் ஒரு கஷ்டமும் இல்லை என்று இந்தியில் சொல்ல வேண்டும். நிஜமான ஆளின் நிஜக் குரல்தான் வேண்டும் என்று மேலிடத்து உத்தரவாம்.

"நெஜமாவே வருமா சார்?" என்று கேட்டாள் குஞ்சம்மாள்.

"அடுத்த மாசம் வந்துடும். எஞ்சினியரே என்கிட்ட சொன்னார். நாம கொஞ்சம் முன்னாடியே எடுத்துடறோம், அவ்வளவுதான்" என்றார் கல்யாணராமன்.

அவள் குடித்தாள். சொன்னாள். ஒரே டேக். யூனிட் முழுவதும் கை தட்டியது. அவளுக்கு வாழ்க்கையில் முதல் தடவையாகக் கிடைத்த கைதட்டல் அதுதான். சாயங்காலமே குழாயைப் பெயர்த்து வண்டியில் போட்டுக்கொண்டு போய்விட்டார்கள்.

அடுத்த மாதம் தண்ணீர் வரவில்லை. அதற்கடுத்த மாதமும் வரவில்லை. எண்பது வரையில் பொறுத்துப் பார்த்துவிட்டுத் தெருப் பெண்கள் எல்லோரும் மனு எழுதிக்கொண்டு ஓர் ஆபீசுக்குப் போனார்கள். பேசத் தெரிந்தவள் என்று குஞ்சம்மாளை முன்னால் தள்ளினார்கள். அந்த அதிகாரி மனுவைப் பார்க்கவில்லை, இவள் முகத்தைப் பார்த்தார். முகம் மலர்ந்துவிட்டது.

"நீங்க அந்தத் தண்ணி குடிக்கிற அம்மாதானே? எங்க ட்ரெயினிங்ல மூணு தடவை காட்டினாங்க" என்றார் இந்தியில். சந்தோஷத்தில் டீ வரவழைத்தார். பிறகு மனுவைப் படித்துவிட்டு, "உங்க தெருவுலதான் குழாய் இருக்கே. என் கண்ணால பார்த்தேனே" என்றார்.

படத்துக்காக வைத்தது, அன்றைக்கே எடுத்துவிட்டார்கள் என்று குஞ்சம்மாள் சொன்னாள்.

"அப்போ அன்னைக்குச் சொன்னது பொய்யா, இன்னைக்குச் சொல்றது பொய்யா?" என்று கேட்டார் அவர். சிரிப்பு போய்விட்டது. மனு மற்றக் காகிதங்களுக்கு அடியில் போயிற்று. துணியில் ஆடுகிற நிழலை நம்பி, எதிரில் நிற்கிற மனுஷியை நம்பாத புத்திசாலிகளுக்கு ஆபீஸ்களில் பஞ்சமே கிடையாது.

திரும்பி வரும்போது பஸ்ஸில் எதிர்வீட்டு லீலாவதி எல்லோர் காதிலும் விழும்படி சொன்னாள்: "நீ குடிச்ச ஒரு வாய்த் தண்ணிக்கு நாப்பது வூடு சொமக்குது."

பெரிய ரோட்டைத் தாண்டி, சாக்கடை ஓடையைத் தாண்டி ஒரு அடிபம்பு இருந்தது. நாற்பது வீட்டுக்கும் அதுதான் கதி. விடியற்காலையில் குடத்தை வரிசையில் வைத்தால் எட்டு மணிக்கு முறை வரும். எட்டு மணிக்குக் குஞ்சம்மாள் இரண்டு பஸ் மாறிச் சரோஜினி நகரில் முதல் வீட்டு வாசலில் நிற்க வேண்டும். லீலாவதி ஒரு தையற்கடைக்குப் பட்டன் தைத்துக் கொடுத்துக்கொண்டிருந்தாள். அவளுடைய மூத்த பெண் தங்கம் ஐந்தாவதோடு பள்ளிக்கூடத்தை நிறுத்திவிட்டுப் பம்படிக்குப் போனாள். அந்தப் பெண் இடுப்பில் குடத்தோடு தெருவில் வரும்போதெல்லாம் குஞ்சம்மாள் உள்ளே போய்விடுவாள். தான் சொன்ன ஒரு வார்த்தைதான் அந்த இடுப்பில் உட்கார்ந்திருக்கிறது என்று அவள் நம்பினாள். தெருவும் அப்படித்தான் நம்பியது.

எண்பத்து நாலு மே மாதத்தில் கல்யாணராமன் மறுபடியும் வந்தார். தலை முழுக்க நரைத்திருந்தது. ஜீப்பிலிருந்து இறங்கவே ஒரு கையைப் பிடித்துக்கொள்ள வேண்டியிருந்தது.

"அடுத்த மாசம் ரிட்டையர் ஆறேன் குஞ்சம்மா. இது கடைசிப் படம்" என்றார். "குழந்தைகளுக்கு வயிற்றுப்போக்கு வராம இருக்கக் கை கழுவணும், வந்துட்டா உப்பும் சர்க்கரையும் கலந்த தண்ணி கொடுக்கணும். அவ்வளவுதான் விஷயம். நீ ரெண்டு நிமிஷம் கை கழுவினாப் போறும்."

"எங்க வச்சு சார்?"

"இங்கேயேதான். உன் தெருதான் நேரா இருக்கு, வெயிலும் நன்னா விழறது. ஒரு குழாய் மட்டும் வைக்கணும்."

குஞ்சம்மாள் அப்படியே கட்டிலில் உட்கார்ந்துவிட்டாள். வசனம் என்ன என்று கேட்டாள். அவர் காகிதத்தைப் பார்த்துப் படித்தார். எங்கள் தெருவிலேயே குழாய் இருக்கும்போது கை கழுவ எங்களுக்கு என்ன கஷ்டம்? இதுதான் வசனம். இதற்கும் நிஜக் குரல்தான் வேண்டும் என்று இலாகாவில் முடிவாகியிருந்தது.

"இந்தத் தபா கொழாய வுட்டுட்டுப் போவீங்களா சார்?"

"பார்க்கலாம்" என்றார் கல்யாணராமன். டில்லியில் இருபது வருஷம் இருந்தவளுக்கு 'பார்க்கலாம்' என்றால் என்ன அர்த்தம் என்று தெரியாதா? தெரியும். ஆனாலும் சரி என்று தலையாட்டினாள். மாட்டேன் என்று சொல்வதற்கும் கொஞ்சம் தெம்பு வேண்டும். அவளுக்கு அன்றைக்கு ஐந்து வீட்டு வேலை முடித்த களைப்பு.

மறுநாள் தொட்டி வந்தது, குழாய் வந்தது, டாங்கர் வந்தது. தெருப் பெண்கள் கேமராவுக்குப் பின்னால் கூடினார்கள். சும்மா பார்த்துக்கொண்டு நின்றார்கள், அதுதான் குஞ்சம்மாளுக்குத் தாங்கவில்லை.

சர்தார்ஜி கும்பிட்டார். கிளாப் அடித்தார்கள். குஞ்சம்மாள் குழாயைத் திறந்தாள். சோப்பைக் குழைத்தாள். முகத்தை நிமிர்த்தி வாயைத் திறந்தாள். கேமராவுக்கு அந்தப் பக்கம் தங்கம் வாளியோடு நின்றுகொண்டிருந்தது கண்ணில் பட்டது. அந்தப் பெண் இவளைப் பார்க்கவில்லை, குழாயைப் பார்த்துக்கொண்டிருந்தாள். குஞ்சம்மாளுக்கு நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டுவிட்டது.

"கட்" என்றார் கல்யாணராமன். சர்தார்ஜி தன் மெஷினில்தான் கோளாறு என்று நினைத்து அதைத் திறந்து பார்க்க ஆரம்பித்தார். ஒரே டேக் மாதாஜி தவறு செய்வாள் என்று அவருக்குத் தோன்றவே இல்லை.

இந்த அமளியில் குழாயை மூட யாருக்கும் நினைவில்லை. தண்ணீர் சிமெண்டு மேடையில் வழிந்து ஓடியது. அப்போது தங்கம் முன்னால் வந்து வாளியைக் குழாய்க்கு அடியில் வைத்தாள். யாரும் தடுக்கவில்லை. அவளுக்குப் பின்னால் இன்னொருத்தி குடத்தோடு வந்தாள். பிறகு இன்னொருத்தி. சர்தார்ஜி மெஷினைச் சரிபார்த்து முடிப்பதற்குள் ஆறு குடம் நிரம்பிவிட்டது.

குஞ்சம்மாள் அதைப் பார்த்துக்கொண்டிருந்தாள். முதல் தவறு தானாக வந்தது. இரண்டாவதை அவள் செய்தாள்.

புதிதாக நடிக்க வருகிறவர்கள் செய்கிற தப்பையெல்லாம் பதினோரு வருஷமாகப் பார்த்து வைத்திருந்தாளே, அதையெல்லாம் ஒவ்வொன்றாக எடுத்துவிட்டாள். இடது கையை மட்டும் கழுவினாள். சோப்பை நழுவவிட்டாள். நேராகக் கேமராவுக்குள் பார்த்தாள். பாதி வசனத்தைத் தமிழில் சொன்னாள். சோப்பு கண்ணில் பட்டுவிட்டது என்று பத்து நிமிஷம் முகத்தைத் துடைத்தாள். ஒவ்வொரு தடவையும் கிளாப் பலகையில் எண்ணை அழித்து எழுத வேண்டும், மேடையைத் துடைக்க வேண்டும், நிழல் நகர்ந்துவிட்டதா என்று பார்க்க வேண்டும். அந்த நேரமெல்லாம் தெருவுக்குத் தண்ணீர். மத்தியானத்துக்குள் தொட்டி காலி. டாங்கர் மறுநாள் காலைதான் வரும் என்றார்கள். ஷூட்டிங்கும் மறுநாளைக்குப் போயிற்று.

இரண்டாம் நாள் தெருவுக்கு விஷயம் புரிந்துவிட்டது. யாரும் யாரிடமும் பேசிக்கொள்ளவில்லை. ஆனால் காலையிலேயே வாளி, அண்டா, பிளாஸ்டிக் டப்பா, குழந்தைகளின் பால் பாட்டில் வரைக்கும் வரிசையில் வந்து நின்றது. குஞ்சம்மாள் உளறும்போது அனுதாபமாகத் தலையாட்டினார்கள். கட் என்றதும் ஜல்தி ஜல்தி என்று குழாயடிக்கு ஓடினார்கள். வெயில் நூற்றுப் பத்து டிகிரி. அந்தத் தெருவில் அன்றைக்குக் குழந்தைகள் இரண்டு தடவை குளித்தன.

இடைவேளையில் லீலாவதி ஒரு டம்ளர் டீ கொண்டுவந்து நீட்டினாள். எட்டு வருஷத்தில் அவள் வீட்டு டம்ளர் குஞ்சம்மாள் கைக்கு வந்தது அதுதான் முதல் தடவை.

"குடிக்கா. வாயி காயாம இருந்தாத்தான் நல்லா ஒளற வரும்" என்றாள் லீலாவதி. உதட்டோரம் சிரிப்பு.

அந்த டீ இனித்தது. ஆனாலும் குஞ்சம்மாளுக்கு உள்ளுக்குள் வலித்துக்கொண்டுதான் இருந்தது. யூனிட்டில் ஒருத்தர் முகத்திலும் பழைய மரியாதை இல்லை. சர்தார்ஜி கும்பிடுவதை நிறுத்திவிட்டார். வயதாகிவிட்டது பாவம் என்று சவுண்டுக்காரன் இந்தியில் சொன்னது அவள் காதில் விழுந்தது. தெரியாமல் தப்புச் செய்கிறவளுக்கு வெட்கத்தோடு போகும். நன்றாகச் செய்யத் தெரிந்தும் தப்பாகச் செய்கிறவள் படும் பாட்டை யாரிடம் சொல்வது? பாத்திரம் தேய்ப்பதில் அவளுக்குப் பெருமை இருந்ததில்லை. பெருமைப்பட இருந்தது இது ஒன்றுதான். அதைத் தன் கையாலேயே நாலு பேர் முன்னால் கெடுத்துக்கொண்டிருந்தாள்.

மூன்றாம் நாள் பதினெட்டாவது டேக்குக்குப் பிறகு கல்யாணராமன் எல்லோரையும் சாப்பிடப் போகச் சொன்னார். ஒரு ஸ்டூலை இழுத்துப் போட்டுக்கொண்டு அவள் பக்கத்தில் உட்கார்ந்தார்.

"பதினோரு வருஷமா உன்னைப் பார்த்துண்டிருக்கேன் குஞ்சம்மா. நீ தப்புப் பண்றவ இல்லை" என்றார்.

அவள் கையிலிருந்த சோப்பு நுரையைப் புடவையில் துடைத்தாள்.

"ஃபிலிம் ஒரே ஒரு டேக்குக்குத்தான் பாக்கி இருக்கு. அதுவும் போச்சுன்னா என் பென்ஷன் பேப்பரை நிறுத்தி வச்சுடுவான்."

"கொழாயி இருக்கட்டும் சார்" என்றாள் குஞ்சம்மாள். "தொட்டியும் இருக்கட்டும். டாங்கரு தெனம் ஒரு தபா வந்தாப் போதும். அத்த மட்டும் சொல்லிட்டுப் போங்க. ஒரே டேக்ல முடிச்சுத் தர்றன்."

கல்யாணராமன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். துடைத்து முடித்த பிறகும் போட்டுக்கொள்ளவில்லை.

"அன்னிக்கு எஞ்சினியர் சொன்னார்னு சொன்னேன் பாரு. எந்த எஞ்சினியரும் சொல்லலை. நீ தயங்கினே, அதான் சொன்னேன். இன்னிக்கும் அதே மாதிரி ஒண்ணைச் சொல்லிடலாம். எனக்குத் தெம்பில்லை குஞ்சம்மா. டாங்கர் நாளைக்கு வராது."

எட்டு வருஷமாக முகம் தெரியாத ஒரு எஞ்சினியரைக் குஞ்சம்மாள் திட்டித் தீர்த்துக்கொண்டிருந்தாள். அப்படி ஒருத்தனே இல்லை. அவளுக்குக் கோபம் வந்திருக்க வேண்டும். அந்த வெயிலில், அந்தக் கிழ முகத்தைப் பார்க்கையில் கோபம்கூட வரமாட்டேன் என்றது.

"அந்த வார்த்தைய எடுத்துடுங்க சார். கைய மட்டும் கழுவுறன். பேச வேணாம்."

"ஸ்கிரிப்ட்ல சீல் குத்தியாச்சு. நான் ஒரு எழுத்து மாத்த முடியாது."

"அப்ப என்னால ஆவாது சார். இன்னொரு தபா அத்த என் வாயால சொல்ல மாட்டன்."

கல்யாணராமன் மேற்கொண்டு வற்புறுத்தவில்லை. எழுந்து போய்ச் சர்தார்ஜியிடம் ஏதோ சொன்னார். சர்தார்ஜி கூட்டத்தை ஒரு சுற்றுச் சுற்றிப் பார்த்துவிட்டு, விரலை நீட்டினார். நீட்டிய இடத்தில் லீலாவதி வாளியோடு நின்றுகொண்டிருந்தாள்.

குஞ்சம்மாளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. ஆள் பார்த்தாரே சர்தார்ஜி! இந்தத் தெருவில் அந்த வசனத்தைச் சொல்ல மாட்டாத ஒருத்தி உண்டென்றால் அது லீலாவதிதான். செருப்பைக் கழற்றாமல் இருந்தால் சரி என்று நினைத்துக்கொண்டாள். இவளும் மாட்டேன் என்றுவிட்டால் இனி என்ன செய்வார்கள்? இன்னும் ஃபிலிம் வரவழைப்பார்கள். ஒரு வாரம் இழுக்கும். ஒரு வாரத் தண்ணீர். அதற்குள் பெரிய ஆபீசர் யாராவது வந்து பார்த்தால், ஒருவேளை, குழாய் நின்றுவிடலாம். அப்படியெல்லாம் நடக்காது என்று தெரிந்தும் மனம் கணக்குப் போட்டது.

லீலாவதி வாளியைக் கீழே வைத்தாள். வீட்டுக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். விஷயம் முடிந்தது என்று குஞ்சம்மாள் நினைத்தாள்.

கால் மணி கழித்துக் கதவு திறந்தது. லீலாவதி தலையைப் படிய வாரியிருந்தாள். தீபாவளிக்கு எடுத்த நீலப் புடவையைக் கட்டியிருந்தாள். நெற்றியில் பெரிய பொட்டு. அவள் யாரையும் பார்க்காமல் நேராகக் குழாயடிக்கு வந்து, "எங்க நிக்கணும்?" என்று கேட்டாள்.

கிளாப் அடித்தார்கள். லீலாவதி குழாயைத் திறந்தாள். இரண்டு கையையும் மணிக்கட்டு வரைக்கும் நிதானமாகக் கழுவினாள். நிமிர்ந்தாள். எங்கள் தெருவிலேயே குழாய் இருக்கும்போது கை கழுவ எங்களுக்கு என்ன கஷ்டம் என்று இந்தியில், தங்கு தடையில்லாமல், சிரித்த முகமாகச் சொன்னாள். சொல்லிவிட்டு நிறுத்தினாளா? இல்லை. "எங்க பிள்ளைங்க தண்ணிக்காக எங்கேயும் அலைய வேண்டியதில்லை" என்று தானாக ஒரு வரி சேர்த்துக்கொண்டாள்.

சீல் குத்திய ஸ்கிரிப்டில் அந்த வரி கிடையாது. யாரும் ஆட்சேபிக்கவில்லை. சர்தார்ஜி மெஷினிலிருந்து தலையை எடுத்து "சாபாஷ்" என்றார். யூனிட் கை தட்டியது.

குஞ்சம்மாளுக்கு முதலில் வந்தது தண்ணீர்க் கவலை அல்ல. ஒரே டேக்கில் முடித்துவிட்டாளே என்று வயிறு பற்றிக்கொண்டு எரிந்தது. அப்படி எரிந்ததற்காகத் தன்னையே கேவலமாக நினைத்துக்கொண்டாள். தண்ணீர் நினைப்பு அதற்குப் பிறகுதான் வந்தது. திரும்பிப் பார்த்தபோது தங்கம் அங்கே இல்லை. வாளி மட்டும் பாதி நிரம்பி நின்றது.

ஒரு மணி நேரத்தில் குழாயைப் பெயர்த்தார்கள். தொட்டியை இறக்கினார்கள். மேடையை இடித்து மண்ணைத் தள்ளி மூடினார்கள். கல்யாணராமன் குஞ்சம்மாளைப் பார்த்துக் கை குவித்தார். இத்தனை வருஷத்தில் அவர் அவளைக் கும்பிட்டதில்லை. அவளும் பதிலுக்குக் கும்பிட்டாள். ஜீப் புழுதியைக் கிளப்பிக்கொண்டு போயிற்று. அவளுடைய பதினைந்தாவது படம் அவள் இல்லாமலேயே முடிந்துவிட்டது.

அன்று முழுவதும் லீலாவதி வெளியே தலைகாட்டவில்லை. அவள் வீட்டு வாசலில் நின்று பெண்கள் பேசினார்கள். குஞ்சம்மாளை எட்டு வருஷமாகப் பேசிய அதே பேச்சு, ஆளை மட்டும் மாற்றிப் பேசினார்கள். ஒருத்தி குஞ்சம்மாளிடமே வந்து, "நாலு வார்த்த கேளேன், ஒன்ன என்னா பாடுபடுத்தினா" என்று தூண்டிவிட்டாள். குஞ்சம்மாள் தலை வலிக்கிறது என்று சொல்லிப் படுத்துக்கொண்டாள். கேட்பதற்கு அவளிடம் நாலு வார்த்தை என்ன, நானூறு வார்த்தை சேர்ந்திருந்தது. எட்டு வருஷமாக ஒவ்வொரு குடத்துக்கும் ஒவ்வொன்றாகச் சேர்த்து வைத்தது.

மறுநாள் விடிந்ததும் குடத்தை எடுத்துக்கொண்டு பம்படிக்குப் போனாள். வரிசையில் அவளுக்கு முன்னால் லீலாவதி நின்றுகொண்டிருந்தாள். தங்கத்தை அனுப்பவில்லை, தானே வந்திருந்தாள். கண் இரண்டும் வீங்கியிருந்தன. மற்றவர்கள் இரண்டடி தள்ளி நின்றார்கள்.

லீலாவதியின் முறை வந்தது. குடத்தைப் பம்புக்கு அடியில் வைத்தாள். குஞ்சம்மாள் முன்னால் போய்ப் பம்பின் கைப்பிடியைப் பிடித்து அடித்தாள். லீலாவதி குடத்தைப் பிடித்துக்கொண்டு குனிந்தபடியே பேசினாள்.

"திட்டணும்னுதான்க்கா உள்ள போனன். என்ன சொல்லித் திட்டலாம்னு யோசிச்சுக்கிட்டே தலய வாருனன். அப்புறம் பொடவைய ஏன் எடுத்தன்னு எனக்கே தெரியல. வெளிய வந்தா அத்தினி பேரும் என்னயே பாக்குறாங்க. என்ன யாருக்கா அப்பிடிப் பாத்துருக்காங்க? தண்ணியும் வந்துக்கிட்டிருக்கு. பொய்யின்னு அந்த நேரத்துல தோணவே இல்ல. தங்கம் எங்கிட்ட பேசமாட்டேங்குது."

குஞ்சம்மாள் அடிப்பதை நிறுத்தினாள். நானூறு வார்த்தையும் தொண்டை வரைக்கும் வந்தன. இவளிடம் இதைத்தானே எட்டு வருஷமாகச் சொல்லத் தெரியாமல் தவித்தாள்? இப்போது இவளே சொல்லிவிட்டாள். தான் சொல்ல இனி ஒன்றும் மிச்சமில்லை.

"எனக்கும் தோணலடி" என்றாள்.

குடம் நிரம்பியது. லீலாவதி அதைத் தூக்காமல் நின்றாள். சுற்றுமுற்றும் ஒரு தடவை பார்த்துக்கொண்டு, முகத்தைத் துடைத்தபடி, மற்றவர்களுக்குக் கேட்காத குரலில் கேட்டாள்: "நான் நல்லா செஞ்சனாக்கா?"

குஞ்சம்மாள் அவளை உற்றுப் பார்த்தாள். வீங்கிய கண்ணோடு, பதிலுக்குக் காத்துக்கொண்டு நின்றாள் அவள். பின்னால் யாரோ, சீக்கிரம் எடுங்க என்று சத்தம் போட்டார்கள்.

"நல்லாத்தான் செஞ்ச" என்றாள் குஞ்சம்மாள், குடத்தை அவள் இடுப்பில் ஏற்றிவிட்டுக்கொண்டே. "மூஞ்சிய மட்டும் கொஞ்சம் வெயில் பக்கம் திருப்பியிருக்கணும்."